மோர்மோன் வீட்டுச் சாப்பாடு: எது வேதம், எது வழக்கம்?

அமெரிக்காவின் யூட்டா மாநிலத்துக்குப் புதிதாக வேலைக்கு வந்திருக்கும் ஒருவர் இங்கே கேட்டிருக்கிறார்: "என் மேலாளர் மோர்மோன். அடுத்த மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டிருக்கிறார். காபி, டீ தொடமாட்டார்கள், பச்சை ஜெல்லி சாப்பிடுவார்கள் என்பது மட்டும்தான் எனக்குத் தெரியும். அவர்கள் மதம் சாப்பாட்டைப் பற்றி என்ன சொல்கிறது? வீட்டில் உண்மையில் என்ன சமைப்பார்கள்?" இதில் இரண்டு கேள்விகள் கலந்திருக்கின்றன. ஒன்று, மதம் விதித்தது என்ன என்பது. இன்னொன்று, அந்த ஊர் வீடுகளில் பழகிப்போனது என்ன என்பது. இரண்டையும் பிரித்துவிட்டால் பாதிக் குழப்பம் தீரும். அப்படிப் பிரித்த பிறகும் இரண்டுக்கும் பொதுவாக ஒன்று மிஞ்சும். என் கணக்கில் முக்கியமானது அதுதான்.

நான் அந்த மதத்தைச் சேர்ந்த ஆள் இல்லை. யூட்டாவில் ஒரு மருத்துவமனையில் 16 வருடமாக உணவியல் ஆலோசகராக இருக்கிறேன். நோயாளி எதைச் சாப்பிடுவார், எதைத் தொடமாட்டார், எந்த நாளில் பட்டினி இருப்பார் என்று தினமும் கேட்டு எழுதுவது என் வேலை. எங்கள் தெருவில் பெரும்பாலும் மோர்மோன் வீடுகள்தான். ஆகவே நான் சொல்வது யூட்டாவில் நான் பார்த்த வீடுகளை வைத்து. வீட்டுக்கு வீடு மாறும் என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். இன்னொன்று: 2018இலிருந்து அவர்கள் தலைமை "மோர்மோன்" என்ற பட்டப்பெயரை விட்டுவிட்டுச் சபையின் முழுப்பெயரைச் சொல்லும்படி கேட்டுக்கொண்டிருக்கிறது. பிற்காலப் பரிசுத்தவான்களின் இயேசு கிறிஸ்து சபை என்பது அது. உங்களுக்குப் புரிவதற்காக இங்கே பழைய பெயரையே எழுதுகிறேன். அவர் வீட்டில் முழுப்பெயரைச் சொன்னால் மகிழ்வார்கள்.

முதலில் வேதம். 1833 பிப்ரவரி 27 அன்று ஒஹாயோ மாநிலத்தின் கர்ட்லண்ட் என்ற ஊரில், சபையை நிறுவிய ஜோசப் ஸ்மித் தனக்குக் கிடைத்த வெளிப்பாடு என்று ஒரு பகுதியைச் சொன்னார். "ஞான வார்த்தை" என்று அதற்குப் பெயர். அவர்களுடைய "கோட்பாடும் உடன்படிக்கைகளும்" நூலில் 89ஆவது பிரிவு அது. மதுவும் சாராயமும் வேண்டாம், புகையிலை வேண்டாம், "சூடான பானங்கள்" வேண்டாம் என்கிறது. கீரை, காய், கனிகளை அந்தந்தப் பருவத்தில் உண்ணச் சொல்கிறது. தானியமே உயிரைத் தாங்குவது, அதிலும் மனிதனுக்குக் கோதுமை என்கிறது. இறைச்சியைக் குறைவாக, அதுவும் குளிர்காலத்திலும் பஞ்சத்திலும் மட்டும் உண்பது நல்லது என்கிறது. இதெல்லாம் எழுத்தில் இருப்பது, சந்தேகமில்லை. ஏன் வந்தது என்பதற்கு எல்லோரும் சொல்லும் கதை வேறு. ஸ்மித்தின் வீட்டு மாடியில் ஆண்கள் கூடிப் பாடம் படிப்பார்களாம். அறை முழுக்கப் புகை மண்டும், தரையெல்லாம் புகையிலை எச்சில். கூட்டிப் பெருக்க வேண்டிய எம்மா ஸ்மித் முறையிட, கணவர் கடவுளிடம் கேட்டார் என்பது கதை. இதைச் சொன்னவர் ஸ்மித்துக்குப் பிறகு சபையை நடத்திய பிரிகாம் யங், சொன்ன ஆண்டு 1868. நடந்து 35 ஆண்டுக்குப் பிறகு, அந்த அறையில் அன்று இல்லாத ஒருவர் சொன்னது. நடந்திருக்கலாம். நான் அதை நினைவாகத்தான் வைத்துக்கொள்கிறேன், ஆவணமாக அல்ல.

இப்போது பலருக்கும் தெரியாத ஒரு விஷயம். அந்த வெளிப்பாடு கட்டளையாக வரவில்லை, "கட்டளையாகவோ கட்டாயமாகவோ அல்ல" என்று தொடக்கத்திலேயே சொல்லிவிடுகிறது. முதல் தலைமுறை அதை அறிவுரையாகத்தான் எடுத்துக்கொண்டது. 1845இல் அப்போது குடியிருந்த நாவூ நகரை விட்டு மேற்கே கிளம்பத் தயாரானபோது, ஐந்து பேர் கொண்ட குடும்பம் வண்டியில் என்னென்ன ஏற்ற வேண்டும் என்று செய்தித்தாளில் பட்டியல் போட்டார்கள். ஆயிரம் பவுண்டு மாவு, நூறு பவுண்டு சர்க்கரை, பத்துப் பவுண்டு அரிசி, பட்டை, கிராம்பு, ஜாதிக்காய் எல்லாம் அதில் உண்டு. கூடவே ஒரு பவுண்டு டீத்தூளும் ஐந்து பவுண்டு காபியும். "சூடான பானம்" என்றால் காபியும் டீயும்தான் என்று ஜோசப்பின் அண்ணன் ஹைரம் ஸ்மித் 1842இலேயே விளக்கம் சொல்லியிருந்தார். ஆனாலும் கண்டிப்பு வர வெகுகாலம் ஆனது. ஹீபர் ஜே. கிராண்ட் தலைவராக இருந்தபோது, 1921இல்தான், இதைக் கடைப்பிடிப்பவருக்கே சிறப்புச் சடங்குகள் நடக்கும் ஆலயத்துக்குள் அனுமதி என்று ஆனது. இன்றைக்கு ஒரு மோர்மோன் காபி குடிப்பதில்லை என்றால் அந்த அனுமதி அதில் தொங்குகிறது. "ஒரு வாய் குடித்துப் பாருங்களேன்" என்று விளையாட்டாகக்கூட வற்புறுத்தாதீர்கள்.

காபின் என்ற தூண்டும் பொருள் கூடாது என்பதால்தான் காபி கூடாது என்று நினைக்கிறவர்கள் ஏராளம், மோர்மோன்களிலேயே உண்டு. நூலில் காபின் என்ற பேச்சே இல்லை. 2012இல் சபையே அதைத் தெளிவுபடுத்தியது. அவர்களுடைய பிரிகாம் யங் பல்கலைக்கழக வளாகத்தில் 2017இல் காபின் கலந்த சோடாவும் விற்பனைக்கு வந்துவிட்டது. 2019இல் இளைஞர்களுக்கான அவர்கள் பத்திரிகை கிரீன் டீ, ஐஸ் காபி, வேப்பிங் என்னும் மின்சிகரெட் எதுவும் ஆகாது என்று விளக்கியது. ஆக ஆறிப்போன காபியும் ஆகாது, கொதிக்கிற சாக்லேட் பால் ஆகும். சூடு என்ற சொல்லை அகராதி வைத்துப் பார்த்தால் இது பிடிபடாது, செடி எது என்று பார்த்தால் பிடிபடும். மருத்துவமனையில் வயதானவர்கள் காலையில் சூடாக ஏதாவது கேட்டால் மூலிகைத் தேநீர், கோகோ, சிலருக்கு போஸ்டம். கோதுமையை வறுத்து அரைத்துச் செய்யும் காபிக்கு மாற்றான தூள் அது, 1895இல் அமெரிக்காவில் வந்தது. 2007இல் தயாரிப்பை நிறுத்தியபோது வருத்தப்பட்ட பாட்டிகளைப் பற்றி இன்றும் பேசுகிறார்கள். இப்போது திரும்ப வந்துவிட்டது. இளசுகளுக்கு அது வேண்டாம். சோடாவில் தேங்காய்ப் பாகும் கிரீமும் ஊற்றித் தரும் கடைகள் 2010க்குப் பிறகு யூட்டா முழுக்கப் பரவிவிட்டன. நாம் டீக்கடையில் நிற்பதுபோல அங்கே கார்கள் வரிசையில் நிற்கும்.

என் துறையைச் சேர்ந்த ஒரு வார்த்தை. இவர்கள் ஆரோக்கியமாக இருப்பதாக ஆய்வுகள் சொல்கின்றன, அதில் காபி விடுவதன் பங்கு என்ன என்று அடிக்கடி கேட்கிறார்கள். புகையிலையும் மதுவும் இல்லாததால் கிடைக்கும் பலன் உறுதியானது. அமெரிக்காவிலேயே புகைப்பவர்கள் மிகக் குறைவான மாநிலம் யூட்டா. நுரையீரல் புற்றுநோய் இங்கே குறைவாக இருப்பதில் ஆச்சரியம் இல்லை. காபியை விட்டதால் உடல்நலம் கூடுகிறது என்று சொல்ல என்னிடம் ஆதாரம் இல்லை. அது அவர்களுக்கு விசுவாசம் சார்ந்த விஷயம், அப்படியே மதிப்போம். இறைச்சியைக் குறைக்கச் சொன்ன வசனம் பிரசங்கங்களில் அவ்வளவாக ஒலிப்பதில்லை, மேசையிலும் தெரிவதில்லை. சர்க்கரைக்கு எந்தத் தடையும் இல்லை என்பதால் மது இல்லாத விருந்தில் இனிப்பு அந்த இடத்தைப் பிடித்துக்கொள்கிறது. ஆலோசனை அறையில் நான் அதிகம் வாதாடுவது இதைப் பற்றித்தான்.

தடைகளைவிட எனக்குப் பெரிதாகப் படுவது அவர்களுடைய உபவாசம். ஒவ்வொரு மாதமும் முதல் ஞாயிறு உபவாச ஞாயிறு. 1896 வரை அது வியாழக்கிழமையில் இருந்தது, பிறகுதான் ஞாயிற்றுக்கு மாற்றினார்கள். தொடர்ந்து இரண்டு வேளை, ஏறக்குறைய 24 மணி நேரம், தண்ணீர்கூட இல்லாமல் இருப்பார்கள். அதோடு முடிவதில்லை. அந்த இரண்டு வேளைச் சாப்பாட்டுக்கு ஆகியிருக்கும் பணத்தை, முடிந்தால் அதற்கு மேலும், உபவாசக் காணிக்கையாகக் கொடுத்துவிட வேண்டும். பணம் உள்ளூர் ஆயரிடம் போகும், வாடகை கட்ட முடியாதவர், மளிகைக்கு வழியில்லாதவர் என்று அக்கம்பக்கத்தில் கஷ்டப்படுகிறவர்களுக்குச் செலவாகும். அந்தக் காலத்தில் பையன்கள் வீடு வீடாகப் போய் மாவும் இறைச்சியும் வெண்ணெயுமாக வாங்கி வருவார்களாம். வீட்டில் பிடியரிசி எடுத்து வைத்துப் பார்த்தவர்களுக்கு இது விளக்காமலே புரியும். இன்சுலின் போட்டுக்கொள்ளும் ஒரு பாட்டி ஒருமுறை என்னிடம் அழுதார், 50 வருடமாக விடாத உபவாசத்தை நான் விடச் சொன்னதற்காக. அடுத்த வாரம் வந்தபோது முகம் தெளிந்திருந்தது. "சாப்பாட்டை விடமுடியாதவர் காணிக்கையை மட்டும் கொடுத்தால் போதும் என்று ஆயர் சொல்லிவிட்டார்" என்றார். உடம்புக்கு முடியாதவர்களும் குழந்தைகளும் இருக்க வேண்டியதில்லை என்பதே அவர்கள் வழக்கம்.

வாராவாரம் ஆராதனையில் திருவிருந்து உண்டு. அப்பத்தோடு திராட்சரசத்துக்குப் பதிலாகச் சிறு கிண்ணங்களில் தண்ணீர் தருவார்கள். என்ன உண்டாலும் குடித்தாலும் நினைவுகூர்வதுதான் முக்கியம் என்ற 1830ஆம் ஆண்டு வெளிப்பாடு இதற்கு அடிப்படை. அப்பம் பெரும்பாலும் கடையில் வாங்கிய சாதாரண ரொட்டிதான். தட்டை ஏந்திக்கொண்டு வரிசை வரிசையாக வருவது பெரும்பாலும் 12 வயதை ஒட்டிய பையன்கள்.

இனி வீட்டுக்குள் போவோம். அதற்கு முதலில் கீழ்த்தளத்துக்கு இறங்க வேண்டும். எதிர்வீட்டு அம்மாவுக்கு எழுபது வயதுக்கு மேல். ஒருநாள் விளக்கைப் போட்டு அவர் காட்டியதை நான் மறக்கவில்லை. தரையிலிருந்து கூரை வரை அலமாரி, அதில் பெரிய பெரிய தகர டப்பாக்கள். கோதுமை, ஓட்ஸ், பீன்ஸ், வெள்ளை அரிசி, பால்பவுடர். ஒவ்வொன்றின் மேலும் மார்க்கரில் ஆண்டு எழுதியிருந்தது, ஒன்றில் 1998. சரியாக உலர்த்தி, ஆக்சிஜன் உறிஞ்சியைப் போட்டு மூடினால் கோதுமை 30 வருடம் தாங்கும், இது என் துறையிலும் ஒப்புக்கொண்ட விஷயம். தீட்டாத பழுப்பு அரிசி அப்படித் தாங்காது, அதன் எண்ணெய் சிக்கு வாடை அடித்துவிடும். மேசையில் திருகிப் பொருத்திய கைத்திரிகையில் அவர் கோதுமை அரைக்க, நான் கைப்பிடியைச் சுற்றினேன். ஒரு ரொட்டிக்கு மாவு சேர்வதற்குள் தோள் வலித்தது. மாலையில் அந்த ரொட்டியும் தேன் கலந்து அடித்த வெண்ணெயும் என் வீட்டுக்கு வந்தன. தேனீ அவர்களுக்கு நெருக்கமான அடையாளம். "டெசரெட்" என்று யூட்டாவில் பார்க்கும் இடமெல்லாம் ஒரு பெயர் இருக்குமே, அவர்கள் வேதத்தில் அதற்குத் தேனீ என்று பொருள்.

இந்தச் சேமிப்பு மூடநம்பிக்கை என்று நினைத்துவிட வேண்டாம். பசியை நேரில் கண்டவர்கள் தொடங்கியது இது. 1847 ஜூலையில் ஸால்ட் லேக் பள்ளத்தாக்கில் வந்திறங்கியவர்கள் அடுத்த இரண்டு வருடமும் விளைச்சல் போதாமல், செகோ லில்லி என்ற காட்டுப்பூவின் கிழங்கைத் தோண்டித் தின்றார்கள். அதுவே இன்று யூட்டாவின் மாநில மலர். 1876இல் பிரிகாம் யங் தானியம் சேர்த்து வைக்கும் பொறுப்பைப் பெண்களிடம் கொடுத்தார், எமலைன் பி. வெல்ஸ் முன்னின்று நடத்தினார். ஒத்தாசைச் சங்கம் என்னும் அவர்களுடைய பெண்கள் அமைப்பு அறுவடை முடிந்த வயலில் சிந்திய கதிரைப் பொறுக்கியே சேர்த்திருக்கிறது. 1906இல் சான்பிரான்சிஸ்கோ நிலநடுக்கத்துக்கு அந்தத் தானியம் போனது. 1918இல், முதல் உலகப்போர் நேரத்தில், புஷல் என்னும் தானிய அளவையில் 2 லட்சத்துக்கு மேல் அமெரிக்க அரசுக்கு விற்றார்கள். பொருளாதாரப் பெருமந்தத்தில் வேலை போனபோது, 1936இல், சபையின் நலத்திட்டம் உருவானது. அதில் வந்த ஆயர் கிடங்குகள் இன்றும் இயங்குகின்றன. பார்க்க மளிகைக் கடை மாதிரி இருக்கும், கல்லாப் பெட்டி மட்டும் இருக்காது. ஆயர் எழுதிக் கொடுத்த சீட்டைக் காட்டிப் பொருளை எடுத்துக்கொண்டு போகலாம். ஒரு வருடத்துக்கான சேமிப்பு என்ற பழைய கண்டிப்பு 2007இல் தளர்ந்தது. முதலில் மூன்று மாதத்துக்கு, அதுவும் தினமும் உண்ணும் பொருளையே சேருங்கள் என்று இப்போது சொல்கிறார்கள். நல்ல மாற்றம். தினமும் கோதுமை அரைத்துப் பழகாத குடும்பம் நெருக்கடியில் திடீரென்று அதை அரைத்துச் சாப்பிட்டால் வயிறும் ஏற்காது.

கோடை முடிவில் ஊரே பீச் பழத்தைக் கண்ணாடி ஜாடியில் போட்டு மூடும். இந்தப் பள்ளத்தாக்கு கடல் மட்டத்துக்கு 4,000 அடிக்கு மேல் இருப்பதால் தண்ணீர் குறைந்த வெப்பத்திலேயே கொதித்துவிடும். அதனால் ஜாடியை அதிக நேரம் கொதிக்கவிட வேண்டும் என்று வருடா வருடம் புதுமணத் தம்பதிகளுக்குச் சொல்லிக்கொண்டே இருக்கிறேன்.

அந்தப் பச்சை ஜெல்லிக்கு வருகிறேன். அந்த ஜெல்லியின் வணிகப் பெயர் ஜெல்லோ. 1897இல் நியூயார்க் மாநிலத்தில் பிறந்த பண்டம், மதத்துக்கும் அதற்கும் ஒட்டுறவு இல்லை. குழந்தைகள் நிறைய உள்ள வீடு, கூட்டு விருந்துகள், குறைந்த செலவு, முதல் நாளே செய்து வைக்கும் வசதி, இதெல்லாம் சேர்ந்துதான் அதை இங்கே ஊன்ற வைத்தன என்பது என் அனுமானம். துருவிய கேரட்டையும் அன்னாசியையும் உள்ளே போட்டு "சாலட்" என்ற பெயரில் வைப்பார்கள். 2001இல் யூட்டா சட்டமன்றத்தின் மேலவை ஜெல்லோவை மாநிலத்தின் விருப்பத் தின்பண்டமாக ஏற்றுத் தீர்மானம் போட்டது. மறுவருடம் இங்கே நடந்த குளிர்கால ஒலிம்பிக்கில் சட்டையில் குத்திக்கொள்ளும் பச்சை ஜெல்லோ வடிவச் சின்னம் வாங்க மக்கள் போட்டி போட்டார்கள். நீங்கள் சைவம் என்றால் கவனம், ஜெல்லோவில் இருக்கும் ஜெலட்டின் விலங்கின் தோலிலும் எலும்பிலும் எடுப்பது.

ஃப்யூனரல் பொட்டேட்டோஸ், அதாவது சாவு வீட்டு உருளைக்கிழங்கு, கதையே வேறு. எதிர்வீட்டு அம்மாவின் கணவர் இறந்தபோது சபைக் கட்டடத்தின் சமையலறையில் கைகொடுக்கப் போனேன். அடக்கம் முடிந்து வரும் குடும்பத்துக்கு ஒத்தாசைச் சங்கப் பெண்கள் சாப்பாடு போட வேண்டும். ஆறு வீட்டிலிருந்து ஆறு தட்டு வந்தது, எல்லாம் ஒன்பதுக்குப் பதிமூன்று அங்குலம். துருவி உறைய வைத்த உருளைக்கிழங்கு ஒரு பெரிய பை, இரண்டு கப் புளிப்புக் கிரீம், ஒரு டப்பா சிக்கன் கிரீம் சூப், கைநிறையச் செடார் சீஸ், எல்லாவற்றையும் கலந்து பரப்பி, மேலே நொறுக்கிய கான்ஃபிளேக்ஸை உருக்கிய வெண்ணெயில் புரட்டித் தூவி, ஓரம் குமிழியிடும் வரை ஒரு மணி நேரம் ஓவனில் வைப்பது. செய்முறை ஒன்றுதான் என்றாலும் ஒரு தட்டில் வெங்காயம் தூக்கலாக இருந்தது, இன்னொன்றில் கான்ஃபிளேக்ஸுக்குப் பதில் சிப்ஸ். பக்கத்தில் ஹாம், ரொட்டி உருண்டைகள், ஜெல்லோ. ஒவ்வொரு தட்டின் அடியிலும் மாஸ்கிங் டேப் ஒட்டிக் குடும்பப் பெயரை எழுதியிருந்தார்கள், பாத்திரம் வீடு திரும்ப வேண்டுமே. இதை முன்னோடிகள் வண்டியில் வரும்போதே சமைத்தார்கள் என்று சிலர் சொல்வது பொருந்தாது. கிரீம் சூப் டப்பா கடைக்கு வந்ததே இருபதாம் நூற்றாண்டில்தான். யார் முதலில் செய்தது என்பதற்குப் பலர் உரிமை கோருகிறார்கள், ஆதாரம் யாரிடமும் இல்லை.

ஆனால் அந்தத் தட்டைத் தூக்கிக்கொண்டு போகும் பழக்கம் மிகப் பழையது. 1856இல் கைவண்டி இழுத்து வந்த இரண்டு கூட்டங்கள் வயோமிங் பனியில் சிக்கி இருநூறு பேருக்கு மேல் மாண்டார்கள். பின்னால் வந்த கூட்டத்தில் மிஞ்சியவர்கள் நவம்பர் 30, ஞாயிற்றுக்கிழமை ஊருக்குள் வந்தபோது பிரிகாம் யங் மதிய ஆராதனையை ரத்து செய்தார். ஜெபம் நல்லதுதான், ஆனால் சுட்ட உருளைக்கிழங்கும் பாலும் வேண்டிய இடத்தில் ஜெபம் அதற்கு ஈடாகாது, வீட்டுக்குப் போய் அவர்களைக் கவனியுங்கள் என்று சபையிடம் சொன்னார். நான் முதலில் சொன்ன, இரண்டுக்கும் பொதுவானது இதுதான். உபவாசத்தில் மிஞ்சிய காசு, கீழ்த்தளத்துக் கோதுமை, சாவு வீட்டுத் தட்டு, எல்லாமே அடுத்த வீட்டு வாசலை நோக்கிப் போகிறது. எனக்கு அறுவைச் சிகிச்சை நடந்தபோது, நான் அவர்கள் சபை இல்லை என்று தெரிந்தும், ஐந்து நாள் இரவுச் சாப்பாடு என் வீட்டுக் கதவைத் தட்டியது. நான் சைவம் என்று கேட்டுவைத்துக்கொண்டு உருளைக்கிழங்கில் சிக்கன் சூப்புக்குப் பதில் காளான் சூப் ஊற்றியிருந்தார்கள்.

யூட்டாவைத் தாண்டினால் இந்தச் சமையலறை அப்படியே இருக்காது. உலகம் முழுக்க 1 கோடியே 70 லட்சம் பேருக்கு மேல் இருக்கும் சபையில் பாதிக்கு மேல் அமெரிக்காவுக்கு வெளியே. சமோவாவிலும் டோங்காவிலும் அவர்கள் சேப்பங்கிழங்கும் தேங்காய்ப்பாலும் உண்பார்கள். சென்னையிலும் கோவையிலும் சபைகள் உண்டு, அங்கே ஜெல்லோ வைக்க வேண்டிய அவசியம் யாருக்கும் இல்லை. விருந்தாளிக்கு முதலில் நீட்டும் காபித் தம்ளரை விட்டுவிடுவதுதான் அங்கே பெரிய காரியம்.

உங்கள் விருந்துக்கு வருவோம். அது மாதத்தின் முதல் ஞாயிறு என்றால் உபவாசம் முடிந்து சாயந்தரம்தான் சாப்பாடு இருக்கும், நேரத்தைக் கேட்டுவிடுங்கள். மற்ற ஞாயிறு என்றால் சபைக்குப் போகுமுன் மின் அடுப்பில் மெதுவாக வேகவைத்துவிட்டுப் போன மாட்டிறைச்சி, மசித்த உருளைக்கிழங்கு, ரொட்டி உருண்டை வர வாய்ப்பு அதிகம். உண்ணாதது எது என்று முன்கூட்டியே சொன்னால் தவறாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள், கேட்டுச் செய்வதில் அவர்களுக்கு மகிழ்ச்சி. உட்கார்ந்ததும் ஒருவர் ஜெபம் சொல்வார், அதுவரை கரண்டியை எடுக்காதீர்கள். ஒயின் பாட்டிலோ, ரம் ஊற்றிய கேக்கோ, காபி சேர்ந்த இனிப்போ கொண்டுபோக வேண்டாம். மைசூர்பாகு, முறுக்கு எதுவும் சரி. சுக்கும் மல்லியும் மட்டும் போட்ட சுக்குக் காபி எங்கள் தெருவில் எல்லாருக்கும் பிடிக்கும். காபித்தூள் இல்லை என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள், பெயரைக் கேட்டுத் தயங்குவார்கள். கிளம்பும்போது மிச்சத்தை ஒரு தட்டில் மூடிக் கையில் தருவார்கள். தட்டின் அடியில் டேப்பில் பெயர் இருக்கும். நான் அதைக் கழுவி, எலுமிச்சைச் சாதமோ ரவா கேசரியோ போட்டுத்தான் திருப்பிக் கொடுப்பேன். எதிர்வீட்டு அம்மா இப்போது கேசரிக்காகவே தட்டை அனுப்புகிறார்.